உங்களுக்குத் தெரியுமா? துவக்கில் தோட்டா இல்லை என்று எப்போது சொல்லலாம்?

சாவகச்சேரிச் சந்தையில் தேங்காய் விலையில் தொடங்கும் பேச்சு, குரங்குத் தொல்லைக்குப் போய், துவக்கு அனுமதிப்பத்திரத்தில் வந்து நிற்பதுண்டு. துவக்கு எடுப்பது எப்படி என்று கேட்பவர்கள் பலர். சுடாமல் வீடு திரும்பும்போது உள்ளே கிடக்கும் தோட்டாவைப் பாதுகாப்பாக எடுப்பது எப்படி என்று கேட்பவர்கள் குறைவு. முதலில் கேட்க வேண்டிய கேள்வி அதுதான். அதிலும் தானாகவே அடுத்த தோட்டாவை ஏற்றிக்கொள்ளும் செமி ஆட்டோமட்டிக் சொட்கன் கையில் இருந்தால், இதை அறியாமல் தொடவே கூடாது.

வெளியே தெரிவதும் தெரியாததும்
இரட்டைக்குழல் துவக்கை முறித்துத் திறந்தால் இரண்டு துளைகளும் கண்முன்னே தெரியும். தோட்டா இருக்கிறதா இல்லையா என்பதில் சந்தேகம் வராது. செமி ஆட்டோமட்டிக் அப்படி முறியாது. வெளியே பார்த்தால் தோட்டா ஏற்றிய துவக்கும் ஏற்றாத துவக்கும் ஒரே மாதிரி இருக்கும். இரட்டைக்குழலில் பழகியவர் இதைக் கையில் எடுக்கும்போது கூடுதல் கவனம் வேண்டுவது இதனால்தான்.

தோட்டா ஒளிந்திருக்கும் இரண்டு இடங்கள்
ஒன்று, குழலின் பின்முனையில் உள்ள தோட்டா அறை. அடுத்துச் சுடப்படப்போவது அங்கே இருக்கும். மற்றையது, குழலுக்குக் கீழே நீளமாக ஓடும் மகசீன் குழாய்; மிச்சத் தோட்டாக்கள் அங்கே வரிசையாகக் காத்திருக்கும். மகசீனை வெறுமையாக்கிவிட்டு அறையை மறப்பவர் உண்டு. அறையை வெறுமையாக்கிவிட்டு மகசீனை மறப்பவரும் உண்டு. இரண்டு மறதியும் ஒரே முடிவுக்குத்தான் கொண்டுபோகும்.

ஒழுங்கு மாறக் கூடாது
துவக்கின் வாயை ஆள் இல்லாத, பாதுகாப்பான திசைக்குத் திருப்புங்கள். வேலை முடியும்வரை அது அங்கிருந்து அசையக் கூடாது. விரலை விசையிலிருந்து எடுத்துத் துவக்கின் பக்கவாட்டில் நீட்டி வையுங்கள். சேஃப்டியைப் போடுங்கள். அடிப்பக்கத்துத் தடுப்பை அழுத்தி, மகசீன் குழாயிலுள்ள தோட்டாக்களை ஒவ்வொன்றாக எடுங்கள். பிறகு அறையை மூடிநிற்கும் போல்டைப் பின்னுக்கு இழுத்து, அறையிலுள்ள தோட்டாவை வெளியேற்றி, போல்டைத் திறந்த நிலையிலேயே நிறுத்துங்கள். கடைசியாகப் பாருங்கள், தடவுங்கள், மறுபடியும் பாருங்கள். தடுப்பும் பொத்தானும் இருக்கும் இடம் வகைக்கு வகை வேறுபடும். ஆகவே உங்கள் துவக்கின் கைநூலை வாசிக்காமல், அல்லது தெரிந்தவர் அருகில் இல்லாமல், முதல் தடவை முயல வேண்டாம்.

போல்டை இழுத்து இழுத்துக் கொட்டலாமா?
அவசரக்காரர் செய்வது அதுதான். மகசீனில் தோட்டா இருக்கும்போது போல்டை இழுத்து விட்டால் ஒன்று வெளியே விழும். அடுத்தது மேலேறி அறைக்குள் புகுந்துவிடும் வாய்ப்பு உண்டு. ஒன்று விழுந்ததைக் கண்ணால் கண்டவர், துவக்கு வெறுமையாகிவிட்டது என்று நம்பிவிடுவார். வெளியேறும் தோட்டாவைக் கையால் பொத்திப் பிடிப்பதும் ஆபத்து. போல்டின் சுருள்வில் பலமானது. அது மூடும் வழியில் விரல் இருந்தால் நசுங்கும்.

கண் மட்டும் போதாது
மாலை மங்கிய நேரத்தில் கறுத்த அறைக்குள் கறுத்த தோட்டா தெரியாமல் போகலாம். அதனால்தான் போல்ட் திறந்து நிற்கும்போது சின்னி விரலை விட்டு அறையின் வாயைத் தடவிப் பார்க்கிறார்கள். மகசீன் குழாயின் வாயிலும் பாருங்கள்: தோட்டாக்களைத் தள்ளும் மூடி தெரிய வேண்டும். பல துவக்குகளில் அது பளிச்சென்ற நிறத்தில் இருக்கும். அது தெரியாவிட்டால் உள்ளே ஒரு தோட்டா இறுகிக் கிடக்கிறது என்றே எடுத்துக்கொள்ளுங்கள்.

சேஃப்டியை முழுவதும் நம்பக் கூடாது
பல சொட்கன்களில் சேஃப்டி பொத்தான் விசையை மட்டுமே தடுக்கிறது. உள்ளே அடிக்கும் சுத்தியலையோ ஊசியையோ அது பிடித்து வைப்பதில்லை. துவக்கு பலமாகக் கீழே விழுந்தால், சேஃப்டி போட்டிருந்தும் வெடிக்கலாம். தோட்டா உள்ளே இல்லாத துவக்குத்தான் பாதுகாப்பான துவக்கு.

தானியங்கிச் சொட்கனின் தந்தை
உலகில் முதன்முதலில் வெற்றிகண்ட செமி ஆட்டோமட்டிக் சொட்கனை வடிவமைத்தவர் அமெரிக்கரான ஜோன் பிரவுனிங். 1902இல் பெல்ஜியத்தின் எஃப்.என். நிறுவனத்துடன் ஒப்பந்தம் செய்தார். ‘ஓட்டோ 5’ என்ற அந்தத் துவக்கு 20ஆம் நூற்றாண்டின் இறுதிவரை உற்பத்தியானது. சுடும்போது பின்னுக்கு வரும் உதைப்பையே பயன்படுத்தி, வெற்றுக்கோதை எறிந்து புதுத் தோட்டாவை ஏற்றியது அது. ஒரு சூடு முடிந்த கணமே அடுத்த சூட்டுக்குத் துவக்கு தயாராகிவிடுகிறது என்பதை மறக்காதீர்கள். குரங்கு ஓடிவிட்டது என்று நீங்கள் ஆறுதலடையும் வேளையிலும் அறைக்குள் அடுத்த தோட்டா இருக்கிறது.

எது பாதுகாப்பான திசை?
சீமெந்துத் தரையும் கல்லும் சன்னத்தைத் திருப்பி எறியும். வலிகாமத்தின் செம்மண்ணுக்குக் கீழே சுண்ணாம்புக்கல் அதிக ஆழத்தில் இல்லை. தென்மராட்சியின் மணற்பாங்கான நிலம் சன்னத்தை விழுங்கக்கூடியது. அதிலும் கல்லில்லாத மண்மேட்டைத் தேர்ந்தெடுங்கள். உலகின் பல இராணுவ முகாம்களில் மணல் நிரப்பிய பீப்பாய்க்குள் வாயை வைத்தே துவக்கை வெறுமையாக்குகிறார்கள். கிடுகு வேலியும் தகரவேலியும் தடுப்பே அல்ல. வேலிக்கு அப்பால் அடுத்த வீட்டுக் கிணற்றடி இருக்கிறது.

சன்னம் எவ்வளவு தூரம் போகும்?
பறவைக்குச் சுடும் சிறு சன்னம்கூட ஏறத்தாழ 200 மீற்றர் போகக்கூடியது. பெரிய விலங்குக்கான தடித்த சன்னம் 600 மீற்றரையும் தாண்டும். வீடுகள் நெருங்கிய மீசாலையிலோ நுணாவிலிலோ 600 மீற்றருக்குள் எத்தனை வாசல்கள் வரும் என்று எண்ணிப் பாருங்கள்.

மஞ்சள் தோட்டாவின் காரணம்
20 ‘போர்’ (குழலின் அளவு) தோட்டாக்களை மஞ்சள் நிறத்தில் செய்வது வழக்கம். 12 போர்த் துவக்கில் தவறுதலாக 20 போர்த் தோட்டாவைப் போட்டால், அது அறையைத் தாண்டிக் குழலுக்குள் வழுக்கிச் சிக்கிக்கொள்ளும். அறை வெறுமையாக இருப்பதாகவே தோன்றும். பின்னால் 12 போர்த் தோட்டாவை ஏற்றிச் சுட்டால் குழல் வெடித்துச் சிதறும். இரு வகைத் தோட்டாக்களையும் ஒரே பையில் வைக்காதீர்கள். வெறுமையாக்கும்போது குழலுக்குள் அடைப்பு இல்லை என்பதையும் உறுதிசெய்யுங்கள்.

‘டிக்’ என்ற சத்தம் மட்டும் வந்தால்?
விசையை அழுத்தியும் வெடிக்காத தோட்டா, சில விநாடி கழித்து வெடிக்கலாம். உடனே திறந்து பார்ப்பதே பெரிய ஆபத்து. வாயைப் பாதுகாப்பான திசையிலேயே வைத்துக் குறைந்தது 30 விநாடி காத்திருங்கள்; பிறகுதான் திறக்க வேண்டும். சத்தம் வழமையைவிட மெலிந்து கேட்டால் குழலுக்குள் ஏதோ சிக்கியிருக்கலாம். துவக்கை முழுவதும் வெறுமையாக்கிக் குழலைச் சோதிக்காமல் அடுத்ததைச் சுடாதீர்கள்.

நைலின் ஊற்றைத் தேடியவரும் ஒரு கல்மதிலும்
விக்டோரியா ஏரியே நைல் நதியின் ஊற்று என்று அறிவித்த ஆங்கிலேயப் பயணி ஜோன் ஹானிங் ஸ்பீக். ஆபிரிக்கக் காடுகளைத் தாண்டி உயிரோடு திரும்பியவர், 1864 செப்டெம்பர் 15ஆம் திகதி இங்கிலாந்தில் பறவை வேட்டையின்போது ஒரு தாழ்ந்த கல்மதிலில் ஏறுகையில் தன் துவக்கே வெடித்து இறந்தார். வேலி, மதில், வாய்க்கால் எதைக் கடப்பதானாலும் முதலில் தோட்டாவை எடுங்கள், பிறகு கடவுங்கள். கேணியோரம் ஏறி இறங்கும்போதும், தோணியில் கால் வைக்கும்போதும், மோட்டார் சைக்கிளில் ஏறும்போதும் இதே விதிதான்.

புதுக்கோட்டையிலிருந்து பாரிஸ் வரை
2024 பாரிஸ் ஒலிம்பிக்கில் இந்தியாவுக்காக டிராப் போட்டியில் சுட்டவர், புதுக்கோட்டை அரச குடும்பத்தைச் சேர்ந்த பிரித்விராஜ் தொண்டைமான். பறக்கும் களிமண் தட்டைச் சொட்கனால் சுடும் அந்த விளையாட்டில், சுடும் இடத்துக்கு வெளியே துவக்கைத் திறந்த நிலையில்தான் கொண்டுபோக வேண்டும். உலகின் தலைசிறந்த சூட்டாளருக்கே அந்த விதி என்றால், தோட்டம் காக்கும் நமக்கு அது எவ்வளவு அவசியம்! இன்னொருவரிடம் துவக்கைக் கொடுப்பதானால் போல்டைத் திறந்தே கொடுங்கள். வாங்குபவர் தானும் ஒருமுறை பார்க்க வேண்டும். அதை அவமதிப்பாக எடுக்க வேண்டியதில்லை.

இந்தத் துவக்கை மட்டும் நீங்கள் வெறுமையாக்க வேண்டாம்
2000ஆம் ஆண்டுப் போரில் சாவகச்சேரி நகரமே சிதைந்தது. தென்மராட்சிக்குத் தென்கிழக்கே முகமாலையில் பல ஆண்டுகள் போர்முனை இருந்தது. அந்த மண்ணில் ஹலோ டிரஸ்ட் போன்ற அமைப்புகள் நீண்டகாலம் கண்ணிவெடி அகற்றியிருக்கின்றன. கண்ணிவெடித் தடை உடன்படிக்கையில் இலங்கை 2017 டிசெம்பரில் இணைந்தது. கிணறு இறைக்கும்போதோ அத்திவாரம் வெட்டும்போதோ துருப்பிடித்த துவக்கு, தோட்டா, குண்டு எது கண்ணில் பட்டாலும் தொடாதீர்கள், துடைக்காதீர்கள், வீட்டுக்குக் கொண்டுவராதீர்கள். துருவேறிய அறைக்குள் பழைய தோட்டா இன்னும் உயிரோடு இருக்கலாம். இடத்தை அடையாளமிட்டு, பிள்ளைகளை விலக்கி, 119க்கு அழையுங்கள்.

கட்டுத்துவக்குக்கு வெறுமையாக்கும் முறையே இல்லை
காட்டுப்பன்றிக்கென்று கம்பி இழுத்துக் கட்டும் துவக்கு, மனிதன் வருகிறானா விலங்கு வருகிறதா என்று பார்ப்பதில்லை. விறகு பொறுக்கப் போனவரின் காலையும் மாடு தேடிப் போனவரின் காலையும் அது பறித்திருக்கிறது. அது சட்டவிரோதம். கண்டால் கம்பியைத் தொடாமல், வந்த தடத்திலேயே திரும்பி வந்து பொலிஸுக்கு அறிவியுங்கள்.

1916 முதல் ஒரு சட்டம்
இலங்கையில் துவக்குகளை ஆளுவது 1916ஆம் ஆண்டின் 33ஆம் இலக்கச் சுடுகலன்கள் கட்டளைச் சட்டம். அனுமதிப்பத்திரத்தை ஆண்டுதோறும் புதுப்பிக்க வேண்டும். தற்பாதுகாப்புக்கென வழங்கப்பட்ட துவக்குகளை மீளாய்வுக்காக 2024 நவம்பர் 7ஆம் திகதிக்குள் ஒப்படைக்கும்படி பாதுகாப்பு அமைச்சு அறிவித்ததும் பலருக்கு நினைவிருக்கும். அப்படி ஒப்படைக்கக் கொண்டுபோகும் துவக்கும் வீட்டிலேயே வெறுமையாக்கப்பட்டு, தோட்டா வேறாக, துவக்கு வேறாகப் போக வேண்டும்.

அலுமாரிக்குள் இரண்டு பூட்டு
வெறுமையாக்கிய துவக்கு ஒரு பூட்டுக்குள்ளும், தோட்டா வேறொரு பூட்டுக்குள்ளும் இருக்க வேண்டும். கடல்நீரேரிக் காற்றின் உப்பும் மாரி ஈரமும் தோட்டாவின் பித்தளையைக் களிம்பேற்றும். களிம்பேறியது மகசீனில் இறுகும். வீங்கிய, நசுங்கிய தோட்டாவைக் கிணற்றிலோ நீரேரியிலோ எறிய வேண்டாம், பொலிஸ் நிலையத்தில் ஒப்படையுங்கள். சேற்றில் கிடக்கும் ஈயச் சன்னத்தை இரைப்பைக் கல்லென்று விழுங்கும் நீர்ப்பறவைகள் நஞ்சேறிச் சாகின்றன.

1990
தவறுதலாக யாருக்காவது சூடு பட்டுவிட்டால், முதலில் துவக்கை விலக்குங்கள். இரத்தம் வரும் இடத்தில் சுத்தமான துணியை வைத்துப் பலமாக அழுத்துங்கள். சன்னத்தை நோண்டி எடுக்க முயல வேண்டாம். உடனே 1990க்கு அழையுங்கள். 1990 இலவச அம்புலன்ஸ் சேவை 2018 ஜூலை 21ஆம் திகதி யாழ்ப்பாணத்தில் தொடங்கி வடக்குக்கு வந்தது. அந்த இலக்கம் வீட்டில் எல்லோருக்கும் மனப்பாடமாக இருக்கட்டும்.

தோட்டா இல்லாமலே பழகலாம்
மருந்தும் சன்னமும் இல்லாத போலித் தோட்டாக்கள் விற்பனையில் உண்டு. அனுமதிப்பத்திரம் உள்ளவர் அவற்றைக் கொண்டு ஏற்றி இறக்கும் ஒழுங்கைப் பகல் வெளிச்சத்தில் நிதானமாகப் பழக வேண்டும். நிஜத் தோட்டா அந்த அறையிலேயே இருக்கக் கூடாது. திசை, விரல், சேஃப்டி, மகசீன், அறை, கண், விரல்நுனி என்ற வரிசை கைக்குப் பழகியிருந்தால், களைத்து வரும் இரவிலும் கை தவறாது. தேங்காய்க் குலையைக் காக்க வாங்கிய துவக்குக்கு வீட்டுப் பிள்ளையைப் பலி கொடுக்க முடியாது. வெறுமையாக்கத் தெரியும்வரை அதில் தோட்டா ஏற்றாதிருப்பதே அனுமதிப்பத்திரம் வைத்திருப்பவரின் முதற்கடமை.