கணக்குப்பிள்ளை காலமும் கணினிப் பட்டாவும்

1980 வரைக்கும் நீடாமங்கலத்தைச் சுற்றியுள்ள ஊர்களில் ஒரு மா நிலம் யார் பேரில் இருக்கிறது என்று பார்க்க வேண்டுமானால், கணக்குப்பிள்ளை வீட்டுத் திண்ணைக்குத்தான் போக வேண்டும். சிட்டாவும் அடங்கலும் அவர் வீட்டுப் பெட்டியில் இருந்தன. பெரும்பாலும் வழிவழியாக ஒரே குடும்பம் பார்த்த வேலை அது. நிலம் வைத்திருந்தவரும் கணக்கு எழுதியவரும் பல ஊர்களில் ஒரே தெருக்காரர்கள். உழுதவரும் நட்டவரும் வேறு தெரு. சாகுபடி செய்தவர் யார் என்று அடங்கலில் ஏறும் ஒரு பெயருக்காக எத்தனை பேர் அந்தத் திண்ணைக்குக் கீழே நின்றிருப்பார்கள்!

1980 நவம்பர் 14 அன்று எம்.ஜி.ஆர். அரசு ஓர் அவசரச் சட்டத்தால் பட்டாமணியார், கணக்குப்பிள்ளை பதவிகளை ஒழித்தது. வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போயிற்று, 1982-ல் கே.ராஜேந்திரன் வழக்குத் தீர்ப்பு அரசின் முடிவை ஏற்றது. திண்ணைக் கணக்கு வி.ஏ.ஓ. அலுவலகத்துக்கு வந்தது. ஆள் மாறினார். ஆனால் கணக்கு எழுதும் கை எதுவரை எழுதலாம் என்ற கேள்விக்குப் பதில் 1983-ன் பட்டா பாஸ் புத்தகச் சட்டத்திலும் அதன் 1987 விதிகளிலும்தான் தெளிவாகக் கிடைக்கிறது.

அந்த விதிகளில் நான்காவது விதியை டெல்டாவின் ஒவ்வொரு வீட்டுப் பெண்ணும் தெரிந்துவைத்திருக்க வேண்டும் என்பேன். அப்பா இறந்துபோகிறார். அண்ணனும் தம்பியும் பட்டா மாறுதலுக்கு மனுப் போடுகிறார்கள். வலங்கைமானில் வாழ்க்கைப்பட்ட அக்கா, தன் பங்கை விட்டுக்கொடுக்கவில்லை என்று ஒரு தாளில் எழுதிக் கொடுக்கிறார். “நகை போட்டாச்சு, சீர் செஞ்சாச்சு, இன்னும் என்ன?” என்று ஊர் கேட்கும். தாசில்தார் அப்படிக் கேட்க முடியாது. வாரிசுரிமையைத் தொடும் தகராறு எழுந்து, சம்பந்தப்பட்ட எல்லோரும் எழுத்தில் ஒத்துக்கொள்ளாவிட்டால், உரிமையியல் நீதிமன்றத்தில் தீர்ப்பு வாங்கி வரும்படிதான் அவர் சொல்ல வேண்டும். அதுவரை பதிவை மாற்றக் கூடாது. 1989-ல் தமிழ்நாடும் 2005-ல் நாடாளுமன்றமும் மகளுக்குக் கொடுத்த சொத்துரிமை, தாலுகா ஆபீசில் சத்தமில்லாமல் கரைந்துபோகாமல் காப்பது இந்தத் தடைதான்.

பட்டா மாறுதல் உரிமையை உண்டாக்காது, அழிக்கவும் செய்யாது என்று உச்ச நீதிமன்றம் 1996-ல் சவர்ணி வழக்கில் சொன்னது. 2021 வரை திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறது. கிஸ்தி யாரிடம் வசூலிப்பது என்பதற்கான பதிவு அது. உரிமைத் தகராறை வருவாய்த் துறை தீர்க்கக் கூடாது என்று சென்னை உயர் நீதிமன்றமும் 2011-ல் விஷ்வாஸ் ஃபுட்வேர் வழக்கில் அழுத்திச் சொன்னது. பதிவுத் துறையிலும் இதே கதை. மோசடிப் பத்திரத்தை மாவட்டப் பதிவாளரே ரத்து செய்யலாம் என்று 2022-ல் நடைமுறைக்கு வந்த 77-அ பிரிவை, அது நீதிமன்றத்தின் வேலை என்று 2024-ல் உயர் நீதிமன்றம் நீக்கியது. நோக்கம் நல்லதுதான். ஆனால் சாட்சிகளைக் குறுக்கு விசாரணை செய்யாமல் ஒருவர் சொத்தை ஓர் அதிகாரி முடிவு செய்வது ஆபத்து.

குத்தகை விஷயம் மட்டும் வேறு. 1969-ன் குத்தகை உரிமைப் பதிவுச் சட்டம், சாகுபடிக் குத்தகைதாரர் யார் என்று முடிவு செய்யும் அதிகாரத்தை வருவாய் அதிகாரிகளிடமே விட்டது. பின்னால் வந்த திருத்தம் அதில் உரிமையியல் நீதிமன்றம் தலையிடுவதையும் தடுத்தது. மிராசுதாரோடு கோர்ட் படியேற முடியாதவருக்கு அது சரியான ஏற்பாடு என்றே நினைக்கிறேன்.

இன்று சிட்டா கைபேசியில் தெரிகிறது. எல்லோரும் பார்க்க முடிவது பெரிய மாற்றம். என்றாலும், உரிமைக்கு ஆதாரமில்லை என்று நீதிமன்றம் சொல்லும் அந்தத் தாள் இல்லாமல் கூட்டுறவுச் சங்கத்தில் பயிர்க்கடன் கேட்க முடியாது. பயிர்க் காப்பீட்டுக்கும் கொள்முதல் நிலையத்தில் நெல் போடவும் சிட்டா அடங்கல் கேட்கிறார்கள். செத்துப்போனவர் பேரில் பட்டா கிடக்க, வழக்கு வாய்தா வாய்தாவாக நகரும் வீடுகளுக்கு ஒவ்வொரு போகமும் அலைச்சல்தான். இதைவிடக் கொடுமை, இனிஷியல் தப்பு, நிலப் பதிவேடுகளைப் புதுப்பித்த யு.டி.ஆர். காலத்தில் தவறி ஏறிய சர்வே எண் போன்ற, வருவாய்த் துறையே திருத்தக் கூடிய பிழைகளுக்கும் “கோர்ட்டுக்குப் போங்க” என்று வாய்வார்த்தையில் திருப்பி அனுப்புவது.

அப்படிச் சொன்னால் உத்தரவை எழுத்தில் கேளுங்கள். ஆட்சேபணை கொடுப்பவர்களும் ஒப்புகை வாங்கிக்கொள்ளுங்கள். தாசில்தாரின் எழுத்துபூர்வ உத்தரவு கையில் இருந்தால்தான் மன்னார்குடி கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு செய்ய முடியும், அங்கும் சரிப்படாவிட்டால் திருவாரூரில் மாவட்ட வருவாய் அலுவலரிடம் (டி.ஆர்.ஓ.) சீராய்வு மனு போட முடியும். உரிமை இன்னாருக்கு என்று நீதிமன்றம் தீர்ப்புச் சொல்லிவிட்டால், அதன்படி பட்டாவைத் திருத்தியே ஆக வேண்டும் என்று அதே 1983 சட்டத்தின் 14-ஆம் பிரிவு சொல்கிறது.