பழைய டைல்ஸைப் பெயர்க்கப் போகிறீர்களா?

குளியலறைக்குப் புது டைல்ஸ் போடுவதென்று வீட்டில் தீர்மானமாகிவிட்டால், நம் கவனமெல்லாம் கடையில் அடுக்கியிருக்கும் வண்ணங்களின் மீதுதான் போகிறது. இளநீலமா, சந்தன நிறமா என்று பத்து நாள் விவாதம் நடக்கும். பழசைப் பெயர்க்கும் வேலையையோ, "அது கொத்தனார் பாடு" என்று விட்டுவிடுகிறோம். ஆனால் சகோதரிகளே, நீங்கள் அதிக ஜாக்கிரதையாக இருக்க வேண்டிய நாட்கள் அவைதாம்!

காரணம், தூசி. டைல்ஸிலும், அதன் அடியிலுள்ள சிமெண்டுச் சாந்திலும் 'சிலிக்கா' என்ற பொருள் இருக்கிறது. மணலில் இருப்பதும் அதுதான். கண்ணுக்குத் தெரியும் தூசி பெரும்பாலும் மூக்கோடு நின்று, தும்மலில் போய்விடும். கண்ணுக்குத் தெரியாத நுண்பொடிதான் பொல்லாதது. அது நுரையீரலின் அடிவரை சென்று தங்கிவிடும். வருஷக்கணக்கில் அதைச் சுவாசிப்பவர்களுக்கு நுரையீரலில் தழும்பு விழுந்து மூச்சுத் திணறும். 'சிலிகோஸிஸ்' என்ற இந்த வியாதியைக் குணப்படுத்த மருந்தில்லை. இத்தூசி புற்றுநோயும் உண்டாக்கும் என்று 1997-இல் உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆராய்ச்சிப் பிரிவு அறிவித்தது.

இதற்கு எளிய பரிகாரம் தண்ணீர்தான். உளியால் பெயர்க்கும்போது அவ்வப்போது நீர் தெளிக்கச் சொல்லுங்கள். மெஷினால் அறுப்பதானால், அறுக்கும் இடத்தில் தானே நீர் விழும்படி அமைந்த மெஷினாக இருக்கட்டும். சாதாரண மின்சார மெஷின் மீது தண்ணீர் ஊற்றுவது ஆபத்து. குப்பையை விளக்குமாற்றால் உலர்வாகப் பெருக்க வேண்டாம். நனைத்து அள்ளி, ஈரத் துணியால் துடைக்க வேண்டும். அறைக் கதவின் கீழ் இடுக்கில் ஈரச் சாக்கைச் செருகுங்கள். சமையல் பாத்திரங்களை மூடி வையுங்கள். குழந்தைகளையும், ஆஸ்த்மா உள்ள பெரியவர்களையும் அந்த இரண்டு நாள் உறவினர் வீட்டுக்கு அனுப்பிவிட்டால் உத்தமம்.

இனி வேலைக்கு வருவோம். முதலில் அந்த அறைக்குப் போகும் தண்ணீரையும் மின்சாரத்தையும் நிறுத்துங்கள். தண்ணீர் போகும் துவாரத்தில் துணியை அடைத்து வையுங்கள்; சாந்துத் துண்டு விழுந்து குழாய் அடைத்துக்கொண்டால் அது தனிச் செலவு! பிறகு ஒரு நாணயத்தால் டைல்ஸைத் தட்டிப் பாருங்கள். 'டொக் டொக்' என்று வெற்றொலி கேட்கும் இடத்தில் அடியில் பிடிப்பில்லை. அங்கிருந்து தொடங்கினால் சுலபம். முதலில் இடுக்குப் பூச்சைச் சுரண்டிவிட்டு, உளியைச் சாய்த்துப் பிடித்துத் தட்ட வேண்டும். செங்குத்தாக அடித்தால் அடித்தளத்தில் விரிசல் காணும்.

பழங்கால வீடுகளில் சுண்ணாம்புக் காரையில் பதித்த கற்கள் இருக்கும். சுண்ணாம்பு சிமெண்டைவிட மிருதுவானது. நிதானமாகப் பெயர்த்தால் கல் முழுசாகவே வரும். பூவேலை செய்த ஆத்தங்குடிக் கல்லாக இருந்தால் உடைத்துவிடாதீர்கள். பூஜை அறைக்கோ திண்ணைக்கோ மறுபடியும் உபயோகப்படும்.

டைல்ஸ் போனதும் அடியிலுள்ள சாந்தையும் எடுக்கத்தான் வேண்டும். கூலியை மிச்சப்படுத்த அதன்மேலேயே புதிதாகப் பதித்தால் தரை உயர்ந்துவிடும். கதவு திறக்காது, குளித்த தண்ணீர் கூடத்துக்கு வந்து சேரும். சாந்தை நீக்கி, நீர் கசியாத பூச்சுப் பூசி, அது உலர்ந்த பின் தண்ணீரைத் தேக்கி 24 மணி நேரம் விடுங்கள். கீழ்வீட்டுக் கூரையில் ஈரம் காணாவிட்டால் தைரியமாகப் புது டைல்ஸ் பதிக்கலாம்.

உடைத்ததை மாடியிலிருந்து இறக்கி, உரிய இடத்தில் கொட்டுவதும் கூலியில் சேர்த்தியா என்று முன்னதாகவே பேசிவிடுங்கள்.

இன்னொன்று. உங்களுக்கு இது இரண்டு நாள் தொந்தரவு. வேலை செய்பவருக்கோ தினமும் இதுவே பிழைப்பு. மூக்கில் சுற்றிய துண்டு நுண்பொடியைத் தடுக்காது. மருந்துக் கடையில் கிடைக்கும் 'என்-95' முகமூடியை அவருக்கும் சித்தாளுக்கும் வாங்கிக் கொடுங்கள். டைல்ஸுக்கு ஆகும் செலவில் அது எம்மாத்திரம்? அவர்களுக்கும் வீட்டில் குழந்தைகள் காத்திருக்கிறார்கள் அல்லவா!