யார் சோதித்துப் பார்த்தார்கள்?

2003-இல் எலிசபெத் ஹோம்ஸ் அமெரிக்காவில் தொடங்கிய தெரனோஸ் நிறுவனம், விரல் நுனியில் எடுக்கும் சில சொட்டு ரத்தத்திலேயே ஏராளமான பரிசோதனைகளைச் செய்துவிடலாம் என்றது. 2014-இல் அதன் மதிப்பு சுமார் 900 கோடி டாலர். ஆனால் தன் கருவியை வெளி விஞ்ஞானிகள் சரிபார்க்க அது இடம் தரவில்லை. பெரும்பாலான பரிசோதனைகளை வேறு நிறுவனங்களின் வழக்கமான இயந்திரங்களில்தான் செய்கிறார்கள் என்பது 2015-இல் அம்பலமானது. யாரும் சரிபார்க்காத அந்தக் கருவியின் முடிவுகளை நம்பி மருந்து சாப்பிட்டவர்களை நினைத்தால் நெஞ்சு பதறுகிறது. முதலீட்டாளர்களை ஏமாற்றிய குற்றம் 2022-இல் ஹோம்ஸ் மீது நிரூபணமானது.

தொழில் ரகசியத்தை யார்தான் வெளியிடுவார்கள் என்று கேட்கலாம். செய்முறையை மறைக்கலாம், கருவி சர்க்கரை அளவைச் சரியாகச் சொல்கிறதா என்பதை மறைக்க எவருக்கும் உரிமையில்லை. எதையும் சந்தேகித்தால் புதியது எப்படிப் பிறக்கும் என்பது இன்னொரு வாதம். எம்.ஆர்.என்.ஏ. மூலக்கூறை ஆராய்ந்த விஞ்ஞானி காத்தலின் காரிக்கோவும் சந்தேகங்களைத்தான் சந்தித்தார். ஆராய்ச்சிக்குப் பணம் கிடைக்கவில்லை, 1995-இல் பதவியிறக்கமும் செய்யப்பட்டார். ஆனாலும் அவரும் சக விஞ்ஞானி ட்ரூ வைஸ்மனும் தங்கள் எம்.ஆர்.என்.ஏ. ஆய்வை 2005-இல் எல்லோரும் சோதிக்கும்படி வெளியிட்டார்கள். அந்த வழியில் வந்த கோவிட் தடுப்பூசிகளில் ஒன்றை ஏறத்தாழ 44,000 பேரிடம் சோதித்தார்கள். அவர்களில் பாதிப்பேருக்குப் போட்டது மருந்தில்லாத ஊசி. 2023-இல் காரிக்கோ, வைஸ்மன் இருவருக்கும் நோபல் பரிசு கிடைத்தது. அடுத்த அற்புதக் கருவி விளம்பரத்தில் வரும்போது, விலையை விசாரிக்கும் முன், அதை விற்காதவர்கள் யார் சோதித்தார்கள் என்று கேளுங்கள்.