நாற்காலி தேடாத நாடாளுமன்றப் புலி

வாசகர்களே, தேர்தல் காலம் வந்துவிட்டால் தோட்டத்து லயங்களிலும் பட்டணத்துச் சாப்பாட்டுக் கடைகளிலும் ஒரு பேச்சு அடிபடும். "எதிர்க்கட்சிக்காரரை அனுப்பி என்ன பயன்? அவர் மந்திரியாகப் போகிறாரா?" என்பார்கள். நியாயமான கேள்விதான். அதற்குப் பதிலாக ஒரு மனிதரின் வாழ்க்கையைச் சொல்கிறேன், கேளுங்கள்.

கர்பால் சிங் 1940 ஜூன் 28-ல் பினாங்கு ஜோர்ஜ்டவுனில் பிறந்தார். பஞ்சாப்பிலிருந்து பிழைக்க வந்த அவருடைய தகப்பனார் ராம் சிங், ஜாகா வேலை பார்த்தார்; மாடும் மேய்த்தார். நம் பெற்றோரைப் போல் உழைத்துக் களைத்தவர் வீட்டுப் பிள்ளைதான் அவர். சிங்கப்பூர்ப் பல்கலைக்கழகத்தில் சட்டப் படிப்பை முடிக்க அவருக்கு ஏழு ஆண்டுகள் பிடித்தன. ஒரு முறை பரீட்சையில் தோற்றதும் பள்ளியை விட்டு நின்றுவிடத் துடிக்கும் பிள்ளைகளுக்கு இதை எடுத்துச் சொல்லுங்கள்.

1969-ல் வழக்கறிஞரானார். அவ்வாண்டு மே மாதக் கலவரம் அவர் மனத்தை உலுக்கியது. மறு ஆண்டே ஜனநாயக செயல் கட்சியில் சேர்ந்தார். 1974-ல் கெடா மாநிலத்தில் அலோர் ஸ்டார் பண்டார் தொகுதியின் சட்டமன்ற உறுப்பினரானார். 1978-ல் பினாங்கு ஜெலுத்தோங் மக்கள் அவரை நாடாளுமன்றத்துக்கு அனுப்பினார்கள். 1999 வரை அத்தொகுதி அவரிடமே இருந்தது. "சாமிவேலு சிங்கமாக இருந்துகொள்ளட்டும், நான் புலி, மலேசியாவில் சிங்கம் கிடையாதே!" என்ற பொருளில் அவர் ஒரு முறை வேடிக்கையாகச் சொன்னதிலிருந்து, 'ஜெலுத்தோங் புலி' என்ற பட்டப்பெயர் ஒட்டிக்கொண்டது.

சரி, இந்தப் புலி என்ன செய்தது? 1977-ல் துப்பாக்கி வைத்திருந்ததாக 14 வயதுச் சிறுவன் ஒருவனுக்குப் பினாங்கில் மரண தண்டனை விதிக்கப்பட்டது. உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டத்தின் கடுமை அப்படி. சிறுவனுக்காக வாதாடியவர் கர்பால். நாடே அதிர்ந்து பேசியது. பிறகு அந்தத் தண்டனை மாற்றப்பட்டு, சிறுவன் உயிர் தப்பினான். தூக்குத் தண்டனை கூடாது என்பதை அவர் நீதிமன்றத்திலும் நாடாளுமன்றத்திலும் ஓயாமல் சொல்லிவந்தார்.

அதே சட்டம் அவர் மீதே பாய்ந்தது. 1987 அக்டோபரில் தொடங்கிய 'ஓப்ராசி லாலாங்' நடவடிக்கையில் நூற்றுக்கு மேற்பட்டோர் விசாரணையின்றிப் பிடிக்கப்பட்டனர். வி. டேவிட், பி. பட்டு ஆகியோரோடு கர்பாலும் அவர்களில் ஒருவர். 1988 மார்ச்சில் ஈப்போ உயர்நீதிமன்றம் அவரை விடுதலை செய்தது. அன்றைய தினமே மீண்டும் கைது செய்தார்கள்! 1989 ஜனவரியில்தான் வீடு திரும்ப முடிந்தது. வந்தவர் வாயை மூடிக்கொண்டாரா? இல்லை, மறுபடியும் அதே சட்டத்தை எதிர்த்துத்தான் பேசினார்.

1999-ல் ஜெலுத்தோங்கில் தோற்றார். 2004-ல் புக்கிட் குளுகோரில் வென்று மீண்டும் நாடாளுமன்றம் புகுந்தார். மறு ஆண்டு ஜனவரியில் கார் விபத்து. அதன் பின் சக்கர நாற்காலியில்தான் நடமாட்டம். ஆனாலும் நீதிமன்றப் படியையும் நாடாளுமன்றப் படியையும் அவர் விடவில்லை. வாழ்நாளில் அவர் அமர்ந்த நாற்காலி அது ஒன்றுதான். மந்திரி நாற்காலியில் அவர் ஒரு நாளும் உட்காரவில்லை.

2009-ல் பேராக் ஆட்சி நெருக்கடியின்போது சொன்ன ஒரு கருத்துக்காக, நிந்தனைச் சட்டத்தின் கீழ் அவர் மீது வழக்கு வந்தது. 2014-ல் 4,000 வெள்ளி அபராதம் விதிக்கப்பட்டது. மேல்முறையீடு நடக்குமுன்பே, அவ்வாண்டு ஏப்ரல் 17 விடியற்காலையில், வழக்குக்காகப் பினாங்கு செல்லும் வழியில், கம்பார் அருகே நெடுஞ்சாலை விபத்தில் உயிர் நீத்தார். வயது 73. குடும்பத்தார் வழக்கைக் கைவிடவில்லை. 2019-ல் கூட்டரசு நீதிமன்றம் அவரைக் குற்றமற்றவர் என்று விடுவித்தது.

இப்போது கணக்குப் பார்ப்போம். நாடாளுமன்ற வாக்கெடுப்புகளில் அவர் பக்கம் ஆள் குறைவு, தோல்விதான் மிச்சம். ஆனால் அவர் எதிர்த்த உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டம் 2012-ல் ரத்தானது. அதை அவர் கண்ணாலேயே பார்த்தார். நீதிபதிக்கு வேறு வழியே விடாத கட்டாய மரண தண்டனை 2023-ல் நீக்கப்பட்டது. அதைப் பார்க்க அவர் இல்லை. இவை ஒருவரால் மட்டும் ஆனவையல்ல, பலர் பாடுபட்டார்கள். ஆனாலும், யாரும் கேட்காத காலத்தில் கேட்டவர்களில் அவர் முன்வரிசைக்காரர். கேள்வி ஒன்று விதை போன்றது. இன்று ஊன்றினால் நாளையே காய்க்காது. ஊன்றாவிட்டாலோ என்றைக்கும் காய்க்காது.

ஆகவே, வாசகர்களே, அடுத்த முறை வாக்குக் கேட்டு உங்கள் வாசலுக்கு ஒருவர் வந்தால், அவர் எந்தக் கட்சியானாலும் சரி, "என்ன பதவி கிடைக்கும்?" என்று கேட்காதீர்கள். "எங்களுக்காக அங்கே எழுந்து நின்று என்ன கேட்டீர்கள்? இனி என்ன கேட்பீர்கள்?" என்று கேளுங்கள். பக்கத்தில் உங்கள் பிள்ளையையும் நிறுத்திக்கொள்ளுங்கள். அவனும் கேட்கப் பழகட்டும்.