தோற்கவும் உரிமை வேண்டும்

'சூரரைப் போற்று' படத்தின் தொடக்கத்திலேயே தாம்பரம் வந்துவிடுகிறது. சென்னை விமான நிலையத்தில் இறங்க அனுமதி கிடைக்காமல், எரிபொருளும் தீர்ந்துகொண்டிருக்கும் ஒரு பயணிகள் விமானத்தைத் தாம்பரம் விமானப்படைத் தளத்தில் இறக்குகிறார்கள். சேலையூரிலும் கேம்ப் ரோட்டிலும் குடியிருப்பவர்கள் தலைக்கு மேலே பயிற்சி விமானங்களைப் பார்த்தே வளர்ந்தவர்கள். அவர்கள் ஊரின் ஓடுபாதையை ஒரு பெரிய நடிகரின் படத்துக்குள் கொண்டுவந்தவர் சுதா கொங்கரா. 2020 நவம்பர் 10 அன்று தமிழகத்தில் திரையரங்குகள் மீண்டும் திறந்தன. இரண்டு நாள் கழித்து, 12ஆம் தேதி, இந்தப் படம் அமேசான் பிரைமில் வெளியானது. அதனால் குரோம்பேட்டை வெற்றி திரையரங்கிலோ தாம்பரத்துத் திரையரங்குகளிலோ புறநகர் ரசிகர்கள் அதைக் கூட்டத்தோடு பார்க்க முடியவில்லை. 2022இல் அறிவிக்கப்பட்ட 68ஆவது தேசிய விருதுகளில் சிறந்த படம், நடிகர், நடிகை, திரைக்கதை, பின்னணி இசை என ஐந்து விருதுகள் அதற்குக் கிடைத்தன. திரைக்கதை விருதை ஷாலினி உஷா நாயரோடு சுதா பகிர்ந்துகொண்டார். அன்றிலிருந்து சுதாவின் வாழ்க்கையைப் பலரும் ஒரே மாதிரிதான் எழுதுகிறார்கள்: விழுந்தார், விடாமல் போராடினார், வென்றார். இந்தக் கதையில் பொய் எதுவும் இல்லை. ஆனால் அவர் ஏன் அத்தனை ஆண்டுகள் காத்திருக்க நேர்ந்தது என்ற கேள்வியை அது கேட்பதே இல்லை. தமிழ்த் திரையுலகம் பெண் இயக்குநர்களுக்கு முதல் படத்தைக்கூடக் கொடுத்துவிடுகிறது. ஒரு படம் ஓடாமல் போன பிறகு அடுத்ததைக் கொடுக்கத்தான் தயங்குகிறது. சுதாவின் வாழ்க்கை காட்டும் உண்மை இது என்று நான் நினைக்கிறேன்.

ஆண்டுகளை வரிசையாக வைத்துப் பார்க்கலாம். சென்னை மகளிர் கிறிஸ்தவக் கல்லூரியில் படித்த சுதா, ரேவதி இயக்கிய 'மித்ர்: மை ஃபிரெண்ட்' (2002) ஆங்கிலப் படத்தின் திரைக்கதையை வி. பிரியாவோடு சேர்ந்து எழுதினார். தொழில்நுட்பக் குழுவில் பெரும்பாலும் பெண்களே பணியாற்றிய படம் அது. தேசிய விருதும் பெற்றது. பிறகு மணிரத்னத்திடம் ஏறத்தாழ ஏழு ஆண்டுகள் உதவி இயக்குநர். 2008இல் தெலுங்கில் 'ஆந்திரா அந்தகாடு', 2010இல் தமிழில் 'துரோகி'. 'துரோகி' ஓடவில்லை. அடுத்த படமான 'இறுதிச்சுற்று' 2016 ஜனவரியில் வெளிவந்தது. நடுவில் ஆறு ஆண்டுகள். 'துரோகி' எடுத்தவருக்கும் 'இறுதிச்சுற்று' எடுத்தவருக்கும் திறமையில் பெரிய வேறுபாடு இருந்திருக்க முடியாது. கதை சொல்லும் வேகம், பாத்திரங்களைக் கோபத்தோடும் பாசத்தோடும் மோதவிடும் முறை, வடசென்னை மீது அவருக்கு இருக்கும் ஈர்ப்பு எல்லாமே முந்தைய படத்திலும் உண்டு. அந்த ஆறு ஆண்டுகளில் மாறியது, அவரை நம்பிப் பணம் போட முன்வந்தவர்களின் மனநிலைதான். அதுவும் மாதவன் போன்ற ஒரு நடிகர் கதையோடு சேர்ந்து நின்று, இந்தியிலும் ஒரே நேரத்தில் எடுப்பது என்று தீர்மானமான பிறகுதான் மாறியது.

அவருடைய குருநாதரின் தொடக்கத்தை இதோடு பக்கத்தில் வைத்துப் பாருங்கள். மணிரத்னத்தின் முதல் படம் கன்னடத்தில் 'பல்லவி அனுபல்லவி' (1983). அடுத்து மலையாளத்தில் 'உணரு' (1984). பிறகு தமிழில் 'பகல் நிலவு', 'இதயக்கோவில்' இரண்டும் 1985. இந்த நான்கில் எதுவும் அவரை முன்னணிக்குக் கொண்டுவரவில்லை. 'மௌன ராகம்' 1986இல் வந்தது. நான்கு ஆண்டுகளுக்குள் ஐந்தாவது படம்! அந்த ஐந்தாவது வாய்ப்பு இல்லாமல் போயிருந்தால் தமிழ் சினிமா எதை இழந்திருக்கும் என்று விளக்க வேண்டியதில்லை. அவருக்குக் கிடைத்தது சலுகை என்று நான் சொல்லவில்லை. ஒரு கலைஞர் உருவாக எவ்வளவு இடம் தேவையோ அவ்வளவு இடம் அவருக்குக் கிடைத்தது. அவரிடமே தொழில் கற்ற சுதாவுக்கு, முதல் படத்திலிருந்து மூன்றாவது படத்துக்கு வரவே எட்டு ஆண்டுகள் ஆயின.

இது சுதா ஒருவரின் ஜாதகம் என்று தள்ளிவிட முடியாது. 'மித்ர்' திரைக்கதையில் உடன் எழுதிய வி. பிரியா, 'கண்ட நாள் முதல்' (2005), 'கண்ணாமூச்சி ஏனடா' (2007) என்று இரண்டு படங்கள் எடுத்தார். முதல் படத்தை இன்றைக்கும் தொலைக்காட்சியில் விரும்பிப் பார்ப்பவர்கள் இருக்கிறார்கள். அவர் மீண்டும் இயக்குநராக வந்தது 2022இல், 'அனந்தம்' என்ற இணையத் தொடர் மூலம். 'திரு திரு துறு துறு' (2009) என்ற கலகலப்பான நகைச்சுவைப் படம் கொடுத்த ஜே.எஸ். நந்தினியை மறுபடி பார்க்க 2024இல் 'இன்ஸ்பெக்டர் ரிஷி' இணையத் தொடர் வரவேண்டியிருந்தது. இருவருக்கும் பதினைந்து ஆண்டுகள். ரேவதியே 'ஃபிர் மிலேங்கே' (2004) படத்துக்குப் பிறகு தன் அடுத்த முழுநீளப் படமான 'சலாம் வெங்கி'யை 2022இல்தான் எடுத்தார். ஹலிதா ஷமீமின் 'பூவரசம் பீப்பீ' 2014இல் வந்தது. 'சில்லுக்கருப்பட்டி' 2019 இறுதியில் வந்தது. திரையுலகத் தொடர்பும் செல்வாக்கும் உள்ள குடும்பங்களிலிருந்து வந்தவர்களுக்கும் இடைவெளிகள் நீளமாகவே இருக்கின்றன: ஐஸ்வர்யா ரஜினிகாந்துக்கு 'வை ராஜா வை' (2015) முதல் 'லால் சலாம்' (2024) வரை ஒன்பது ஆண்டுகள், கிருத்திகா உதயநிதிக்கு 'வணக்கம் சென்னை' (2013) முதல் 'காளி' (2018) வரை ஐந்து, அங்கிருந்து திரையரங்குக்கு வந்த அடுத்த படமான 'காதலிக்க நேரமில்லை' (2025) வரை ஏழு. பணமும் பெயரும் உள்ள இடத்திலேயே நிலைமை இது.

ஆண்களுக்கும் இடைவெளி உண்டே என்று கேட்பார்கள். நியாயமான கேள்வி. தியாகராஜன் குமாரராஜா 'ஆரண்ய காண்டம்' (2011) முடித்து 'சூப்பர் டீலக்ஸ்' (2019) எடுக்க எட்டு ஆண்டுகள் எடுத்துக்கொண்டார். ஆனால் அவர் பெயரைச் சொன்னதுமே 'நிதானமாகப் படம் எடுப்பவர்' என்று எல்லோருக்கும் தோன்றுகிறது, ஏனென்றால் ஆண்களிடையே அது விதிவிலக்கு. 'கண்ணாமூச்சி ஏனடா' வந்த அதே 2007இல் 'சென்னை 600028' மூலம் அறிமுகமான வெங்கட் பிரபு, பிரியா திரும்பி வருவதற்குள் 'சரோஜா', 'கோவா', 'மங்காத்தா', 'பிரியாணி', 'மாசு என்கிற மாசிலாமணி', 'மாநாடு' என்று போய்க்கொண்டே இருந்தார். இவற்றில் எல்லாமே ஓடியவை அல்ல. ஒன்று சரியாகப் போகாதபோதும் அடுத்ததற்குப் பூஜை போட முடிந்தது. அப்படித்தான் 'மாநாடு' நமக்குக் கிடைத்தது. அவருடைய வழியில் எந்தத் தவறும் இல்லை. அந்த வழி பெண்களுக்கும் திறந்திருக்க வேண்டும் என்பதுதான் என் வாதம்.

இன்னொரு மறுப்பு, இந்த இடைவெளிகள் அவர்களே விரும்பி எடுத்துக்கொண்டவை, திருமணம், குழந்தை, குடும்பம் என்று ஆயிரம் இருக்கும் என்பது. ஒவ்வொருவரின் காரணமும் அவரவருக்கே தெரியும். அதற்குள் நுழைய நமக்கு உரிமை இல்லை. ஆனால் வெவ்வேறு குணமும் பின்னணியும் கொண்ட இத்தனை பேருக்கு ஒரே மாதிரி நேர்கிறது என்றால், காரணத்தைத் தொழில் நடக்கும் விதத்திலும் தேட வேண்டும். தென்சென்னைப் புறநகரிலிருந்து ஒரு பெண் உதவி இயக்குநராகச் சேர்வதாக வைத்துக்கொள்வோம். தாம்பரம் கிறிஸ்தவக் கல்லூரி, பல்லாவரம் வேல்ஸ், காட்டாங்குளத்தூர் எஸ்.ஆர்.எம். என்று இந்தப் பக்கத்தில் காட்சித் தொடர்பியல் கற்பிக்கும் நிறுவனங்களுக்குக் குறைவில்லை. பெண்களும் ஆர்வத்தோடு படிக்கிறார்கள். தரமணியில் அரசின் திரைப்படப் பயிற்சி நிறுவனமே இருக்கிறது. தாம்பரத்தில் ஏறினால் ஒரே ரயில் கோடம்பாக்கத்தில் கொண்டுபோய் விடும். ஆனால் ரயில் நள்ளிரவை ஒட்டி நின்றுவிடுகிறது, படப்பிடிப்பு நிற்பதில்லை. உதவி இயக்குநரின் சம்பளத்தில் தினமும் இரவில் கார் பிடித்து வீடு திரும்ப முடியாது. சாலிகிராமத்தில் நான்கு பேரோடு அறை எடுத்துத் தங்கி, டீக்கடையில் கதை பேசி, ஒருவர் மூலம் ஒருவர் வாய்ப்புப் பெறுவது ஆண் உதவி இயக்குநர்களின் உலகம். வாய்ப்புகள் அங்கேதான் கைமாறுகின்றன. மலையாளத் திரையுலகில் பெண்களின் நிலையை ஆராய்ந்து, கேரளத்தில் 2024 ஆகஸ்டில் வெளியான ஹேமா குழு அறிக்கை, படப்பிடிப்புத் தளங்களில் பெண்களுக்குக் கழிப்பறையும் உடைமாற்றும் இடமும்கூட இல்லை என்று பதிவு செய்தது. இந்தச் சூழலில் ஒரு பெண் விலகி நிற்க நேர்ந்தால், அதை அவருடைய விருப்பம் என்று எழுதிக்கொள்வது நம் மனச்சாட்சிக்கு வசதி, அவ்வளவுதான்.

பழைய வரலாறும் இதையே சொல்கிறது. கடற்கரையிலிருந்து தாம்பரத்துக்கு மின்சார ரயில் ஓடத் தொடங்கிய 1931ஆம் ஆண்டில்தான் முதல் தமிழ்ப் பேசும்படமான 'காளிதாஸ்' வந்தது. அதன் நாயகி டி.பி. ராஜலட்சுமி ஐந்தே ஆண்டுகளில் 'மிஸ் கமலா'வை (1936) இயக்கினார். தன் சொந்த நாவலை, தன் சொந்த நிறுவனத்தின் மூலம் படமாக்கினார். 1953இல் 'சண்டிராணி'யை இயக்கிய பானுமதிக்குப் பரணி ஸ்டூடியோ இருந்தது. சாவித்திரி தானே தயாரித்து இயக்கிய 'பிராப்தம்' (1971) நஷ்டத்தில் முடிந்தது. அதற்குப் பிறகு தமிழில் அவர் படம் இயக்கவில்லை. இந்த மூவரும் பிறர் நம்பிக்கைக்காகக் காத்திருக்கவில்லை என்பதைப் பெருமையாகச் சொல்லலாம். ஆனால் பிறர் யாரும் அவர்களை நம்பிப் பணம் போட வரவில்லை என்பதும் அதற்குள் இருக்கிறது. தோல்வி வந்தபோது அது முழுவதும் அவர்கள் தலையிலேயே விழுந்தது. சொத்து ஏதும் கையில் இல்லாமல், உதவி இயக்குநராக ஏணியின் கீழ்ப்படியிலிருந்து ஏறி வந்த முதல் பெண் தலைமுறை சுதா, பிரியா, நந்தினி, ஹலிதா ஆகியோருடையது. ஆகவே அவர்களின் இடைவெளி நம் தொழிலின் நேர்மையை அளக்கும் முதல் சோதனையும்கூட.

காத்திருந்ததால்தானே 'இறுதிச்சுற்று' அவ்வளவு செறிவாக வந்தது என்ற வாதத்தையும் கேட்டிருக்கிறோம். வென்று திரும்பியவர்களை மட்டும் கணக்கில் எடுத்துக்கொண்டால் அப்படித் தோன்றும். திரும்பவே முடியாமல் போனவர்களின் படங்கள் நம்மிடம் இல்லை. மேலும், காத்திருப்பு கலையை வளர்க்கும் என்றால் அதைப் பெண்களுக்கு மட்டும் பரிந்துரைப்பது ஏன்? சுதாவின் பிற்காலமே இதற்குப் பதில் சொல்கிறது. 'சூரரைப் போற்று' படத்தை அவரே இந்தியில் 'சர்ஃபிரா' (2024 ஜூலை) என்று எடுத்தார். அக்‌ஷய் குமார் நடித்தும் அது ஓடவில்லை. ஆனால் இம்முறை ஆறு ஆண்டுகள் ஆகவில்லை. அதே ஆண்டு டிசம்பரில் சிவகார்த்திகேயனின் 25ஆவது படத்துக்குப் பூஜை போடப்பட்டது; 1960களின் இந்தி எதிர்ப்புப் போராட்டத்தைக் களமாகக் கொண்ட 'பராசக்தி' 2026 பொங்கலை ஒட்டி வெளியானது. இரண்டு தோல்விகளுக்கும் நடுவில் தேசிய விருது நின்றது. ஒரு பெரிய நடிகரின் படத்தைத் தூக்கி நிறுத்தியவர் என்ற பெயர் நின்றது. இரண்டாவது முறை விழுந்தபோது, ஆண் இயக்குநர்களுக்கு முதல் தோல்வியிலேயே கிடைக்கிற நிதானம் அவருக்கும் கிடைத்தது. அதைப் பெற ஒருவர் ஐந்து தேசிய விருதுகள் வாங்கிய படத்தை எடுத்திருக்க வேண்டும் என்றால், அந்த விலை மிக அதிகம்.

வேறு வழிகள் உலகில் இல்லாமல் இல்லை. இத்தாலியின் ஆலிச்சே ரோர்வாகெர் சந்தைக்காகப் படம் எடுப்பவர் அல்லர். கிராமங்களையும் தேனீ வளர்ப்பவர்களையும் பண்ணைக் கூலிகளையும் பற்றி எடுப்பவர். 2011இல் முதல் படம் 'கோர்ப்போ செலெஸ்தே'. 2014இல் வந்த 'லே மெராவில்யே' கான் திரைப்பட விழாவில் கிராண்ட் ப்ரீ வென்றது. 2018இல் 'லத்சாரோ ஃபெலிச்சே'வுக்கு அங்கேயே திரைக்கதை விருது. 2023இல் 'லா கிமேரா'. பொதுத்துறை ஒலிபரப்பு நிறுவனமான ராயின் திரைப்படப் பிரிவும் அண்டை நாடுகளின் கூட்டுத் தயாரிப்பும் கைகொடுத்ததால், ஒரு படத்தின் வசூல் அடுத்த படத்தின் தலையெழுத்தைத் தீர்மானிக்கவில்லை. இத்தாலி தூரம் என்றால் கேரளம் பக்கத்திலேயே இருக்கிறது. அந்த மாநிலத் திரைப்பட வளர்ச்சிக் கழகம் பெண் இயக்குநர்களின் படங்களுக்கு ஒவ்வொன்றுக்கும் ஒன்றரைக் கோடி ரூபாய் ஒதுக்கும் திட்டத்தை 2019 வாக்கில் தொடங்கியது. தாரா ராமானுஜனின் 'நிஷித்தோ', ஸ்ருதி சரண்யத்தின் 'பி 32 முதல் 44 வரை' போன்றவை அப்படி வந்தவை. திட்டம் நடந்த விதம் பற்றி அதில் பங்கேற்றவர்களே குறை சொன்னதுண்டு. குறையைக் களைந்து எடுத்துக்கொள்ளலாம். ஒதுக்கீடு கலையைக் கெடுக்கும் என்று அஞ்சுகிறவர்கள், இப்போது பணம் யாருக்கு எளிதாகப் போகிறது என்று ஒருமுறை பார்க்கட்டும். திறமையை மட்டும் எடைபோட்டு நம் தயாரிப்பாளர்கள் யாரும் காசோலை எழுதுவதில்லை.

தரமான குறைந்த செலவுப் படங்களுக்குத் தமிழ்நாடு அரசு மானியம் கொடுத்து வந்திருக்கிறது. அதை விரிவாக்கி, பெண் இயக்குநர்களின் இரண்டாவது, மூன்றாவது படங்களுக்கென்று தனி நிதி ஒதுக்க வேண்டும். முந்தைய படம் ஓடாததைத் தகுதிக் குறைவாகக் கொள்ளக்கூடாது என்று விதியிலேயே எழுத வேண்டும். தயாரிப்பாளர் சங்கமும் திரைப்படத் தொழிலாளர் சம்மேளனமான ஃபெப்சியும் இரவுப் படப்பிடிப்பில் பணிபுரியும் பெண்களுக்கு வீடு வரை வாகனம் தருவதைக் கட்டாயமாக்க வேண்டும். தாம்பரத்திலும் பல்லாவரத்திலும் இன்று கேமராவைக் கையில் எடுத்திருக்கும் மாணவிகளின் முதல் படங்கள் எப்படியும் வந்துவிடும். அதில் ஒன்று ஓடாமல் போனால், அந்த இயக்குநரின் அடுத்த கதையைக் கேட்க ஓராண்டுக்குள் ஒரு தயாரிப்பாளர் அவரை அழைக்க வேண்டும்.