இல்லம் கழுவும் ஓடையில் ஒரு சிவப்பு மீன்

வண்ண மீன் பார்க்க வேண்டுமென்றால் ஹிக்கடுவ பவளப்பாறைக்குத்தான் போக வேண்டும் என்று நம்மில் பலருக்கு எண்ணம். நிவித்திகல பக்கத்து ஓடைகள் போய்ச் சேரும் களு கங்கைப் படுகையிலேயே, பாறை மீன்களோடு போட்டிபோடும் ஓர் அழகன் இருக்கிறான். சிங்களத்தில் ‘புலத் ஹபயா’. மீன் தொட்டிக்காரர்களுக்கு ‘பிளாக் ரூபி பார்ப்’. களனி முதல் நில்வளா வரையிலான ஈரவலய ஆறுகளே இவன் சொந்த ஊர். இயற்கையில் இலங்கைக்கு வெளியே கிடையாது.

விரல் நீளம்தான். சாதாரண நாளில் பழுப்பு உடம்பில் மூன்று கறுப்புப் பட்டைகள், அவ்வளவே. இனப்பெருக்கக் காலம் வந்தால் ஆண் மீனின் தலையும் முன்னுடலும் வெற்றிலைச் சாறு ஏறியதுபோல் சிவக்கும், பின்பாதி கறுக்கும். மர நிழல் விழும் குளிர்ந்த தெளிநீர், அடியில் மணலும் கூழாங்கல்லும், அதில் படியும் பாசி: இவை போதும் அதற்கு. முட்டையைச் செடிகளுக்கிடையே சிதறிவிட்டுப் போய்விடும், காவல் கிடையாது.

சிக்கலும் அந்தக் கூழாங்கல்லில்தான். இரத்தினக்கல் குழிக்காரர் தேடும் ‘இல்லம்’ எனும் கல் கிடைக்கும் படிவும் சரளைதான். குழியிலிருந்து பம்ப் இறைக்கும் நீரும், இல்லம் கழுவிய சேறும் ஓடையில் கலந்தால், பாசி மூடிப்போகும், முட்டை மூச்சு முட்டும். இன்னொன்றும் உண்டு. ஆப்பிரிக்காவின் விக்டோரியா ஏரி கலங்கியபோது அங்குள்ள சிக்லிட் மீன்கள் நிறம் பார்த்துத் துணை தேர முடியாமல் தடுமாறியதை 1997இல் ஆய்வாளர் சீஹவுசன் குழுவினர் ‘சயன்ஸ்’ இதழில் காட்டினார்கள். சிவப்பையே மூலதனமாக வைத்திருக்கும் நம்மூர் மீனுக்கும் அதே கதி நேரலாம் என்பது என் ஊகம்.

1868இல் விலங்கியலாளர் குந்தர் பெயரிட்ட இந்த மீன் இன்று வெளிநாட்டுப் பண்ணைகளில் தாராளமாகப் பொரிக்கிறது. அதனால் இனம் பிழைத்துவிட்டது என்று சொல்பவர்களும் உண்டு. தொட்டியில் பிழைப்பது வேறு, ஓடையில் பிழைப்பது வேறு.

குழி வேலையை நம்பி அடுப்பெரியும் வீடுகள் இங்கே ஏராளம். அதை நிறுத்தச் சொல்ல யாருக்கும் வாய் வராது. உரிமம் எடுப்பவர் குழியை மூடித்தர வேண்டும் என்ற நிபந்தனை ஏற்கெனவே இருக்கிறது. அதோடு, கழுவிய நீரைப் பழைய குழியொன்றில் தேக்கி, சேறு படிந்த பிறகு திறந்துவிடுவதையும், ஓடைக்கரை மரங்களை விட்டுவைப்பதையும் கட்டாயமாக்கினால் கல் தேடுபவருக்குப் பெரிய நட்டம் வராது.