கண்ணாடியை ஏத்தினாலும் வெயில் விடாது! லாரி டிரைவர் முகத்தில் பாதி சுருங்கியது

கோவில்பட்டி, "கண்ணாடியை ஏத்தியாச்சு, இனி வெயில் என்ன பண்ணும்?" கரிசல் காட்டு ரோட்டில் வண்டி ஓட்டுபவர்களின் நினைப்பு இது. பண்ணும்!

அமெரிக்காவில் 28 ஆண்டு லாரி ஓட்டிய 69 வயதுக்காரருக்கு முகத்தின் இடது பக்கம் மட்டும் தோல் தடித்து, ஆழமாகச் சுருங்கி விட்டது. 2012-ல் மருத்துவ இதழில் படத்தோடு வந்த சேதி. ஜன்னல் அவருக்கு அந்தப் பக்கம். நம்மூரில் ஸ்டீரிங் வலது பக்கம். வலது கன்னம் ஜாக்கிரதை!

தோலைச் சிவக்க வைக்கும் 'பி' வகை புற ஊதாக் கதிரைக் கண்ணாடி தடுத்து விடும். ஆழத்தில் இறங்கும் 'ஏ' வகை உள்ளே புகுந்து விடும். எரியாது, அதனால் தெரியாது. வம்பே அங்கேதான்! நடுவில் பிளாஸ்டிக் வைத்து ஒட்டிய முன் கண்ணாடி பெரும்பகுதியைத் தடுக்கும். பக்கத்துக் கண்ணாடிதான் காலை வாரும்.

வெயில் விழும் ஜன்னலோரம் உட்காரும் குமாஸ்தாவுக்கும் இதே கதிதான். வைட்டமின் 'டி'யும் கிடைக்காது. முழுக்கைச் சட்டை, ஜன்னலுக்குத் திரைத்துணி போதும்.